பதினொன்று நாற்பத்திரண்டில் நின்ற கணினி

அந்த மருத்துவமனையில் எல்லோருக்கும் அவர் ‘நூலகர்’. புத்தகத்துக்கும் அவருக்கும் தொடர்பு கிடையாது. இரண்டாம் மாடியில், குளிர் ஊதும் சிறிய அறையில், ஆறு சர்வர்களைப் பார்த்துக்கொள்வது அவர் வேலை. ஒவ்வொன்றுக்குள்ளும் பத்துப் பதினைந்து மெய்நிகர் கணினிகள் ஓடுகின்றன. உடம்பில்லாமல் உழைக்கும் கணினிகள். அவை புதுப்பிக்கப்படவும் சர்வரின் அடிப்படை மென்பொருளான ஃபர்ம்வேரோடு ஒத்துப்போகவும் சில லைப்ரரி கோப்புகள் வேண்டும். எதை மாற்றினால் எது படுத்துவிடும் என்பது அவருக்கு மனப்பாடம். பெயர் அப்படி வந்ததுதான். மாமியார் மட்டும் அதை மெய்யென்று நம்பி, பெரிய எழுத்துக் கதைப்புத்தகங்கள் கேட்பார். அவரும் மறுபேச்சின்றிக் கடையில் வாங்கிக் கொடுத்துவந்தார்.

இருபத்திரண்டு ஆண்டுப் பணியில் அவர் விதி தவறியது ஒரே ஒரு முறை. புதுப்பிக்குமுன் மெய்நிகர் கணினியை அந்தக் கணத்தில் இருந்தபடியே பதிந்து வைக்க வேண்டும். பிசகினால் அக்கணத்துக்கே திரும்பலாம். இதற்கு ஸ்னாப்ஷாட் என்று பெயர். பயன்படுத்துவோர் வெளியேறிய பின்னரே எடுக்க வேண்டும். மூன்று ஆண்டுகளுக்கு முன் ஒரு வியாழக்கிழமை, அவசரத்தில், அறிக்கைப் பிரிவின் கணினியை ஆள் இருக்கும்போதே எடுத்துவிட்டார். மணி பதினொன்று நாற்பத்திரண்டு. அதில் அப்போது வேலை செய்துகொண்டிருந்தவள் அவர் மனைவி. பன்னிரண்டரைக்கு அவள் மாடிப்படியில் சரிந்தாள். மருத்துவமனைக்குள்ளேயே விழுந்தும் காப்பாற்ற முடியவில்லை.

ஒரு மாதம் கழித்து அந்த ஸ்னாப்ஷாட்டை எழுப்பினார். ஆபீஸ் சாட்டில் அவருக்கு அவள் எழுதத் தொடங்கிய செய்தி பாதியில் நின்றது: “சாயங்காலம் வரும்போது மறக்காம”. அதன் அருகே சிறு கோடு மின்னி மின்னி அணைந்தது.

அன்றுமுதல் வியாழன்தோறும் சாப்பாட்டு வேளையில், தம் திரையில் மற்றவற்றையெல்லாம் மூடிவிட்டு, கால் மணி நேரம் அதன்முன் உட்கார்ந்தார். மறக்காமல் என்ன? மாத்திரையா, பாலா, குடையா? புதிய லைப்ரரி கோப்புகள் ஏறினால் பழைய ஸ்னாப்ஷாட் எழாது. ஆகவே அது இருந்த மூன்றாம் சர்வரை மட்டும் புதுப்பிக்காமல் விட்டுவைத்தார். திரையைப் படமெடுத்து வைக்கலாம். படத்தில் அந்தக் கோடு மின்னாது.

இந்த வியாழன், அவர் அதை எழுப்புமுன், கொழுந்தியாள் மேலே வந்தாள். கீழே இரத்தப் பரிசோதனைக் கூடம் அவள் பொறுப்பு.

“நூலகரே, எந்தப் புத்தகத்துல தலைய விட்டிருக்கீங்க?”

“மூணாவது சர்வரா?”

“காலைலேர்ந்து நாலு தடவ படுத்துடுச்சு. ஆபரேஷனுக்கு ஒரு அம்மா காத்துட்டிருக்காங்க, ரிசல்ட் போய்ச் சேரல. டாக்டர் என்னை வறுத்து எடுக்கறாரு.”

“அடுத்த வாரம் மாத்திடறேன்மா.”

“ஒன்றரை வருஷமா இதே பாட்டுதான் அத்தான்.” நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். குரல் தாழ்ந்தது. “ஒண்ணு கேக்கவா? வியாழக்கிழமையானா ஆபீஸ் சாட்ல அக்கா பேருக்குப் பக்கத்துல பச்சைப் புள்ளி எரியுது. சொன்னா பைத்தியம்பாங்க. சாப்பிடாம அதையே பாத்துட்டிருப்பேன். இருக்கியாடின்னு அடிச்சு அடிச்சு, அனுப்பாம அழிச்சிருக்கேன்.”

அவருக்கு அப்போதுதான் உறைத்தது. கணினி விழித்ததும் மனைவி வந்துவிட்டதாக எல்லோருக்கும் அறிவிக்கும். அவள் கணக்கை மூட வேண்டியவரும் அவர்தான், மூடவில்லை.

“நான்தான்மா அது” என்று கணினியை எழுப்பித் திரையைக் கொழுந்தியாள்பக்கம் திருப்பினார்.

வெகுநேரம் படித்தாள், மூன்றே சொற்களை. “மறக்காம என்ன?”

“தெரியல.”

“ஒரு வேலை சொன்னா மறந்துடுவாரு, கோப்பு நம்பர் மட்டும் மறக்காதுன்னு அக்கா திட்டுவா.” சிரிக்கப் பார்த்தாள், முடியவில்லை. கையிலிருந்த போன் ஒலித்தது. கேட்டுவிட்டு, “மறுபடி நின்னுடுச்சாம்” என்றாள்.

மூன்று ஆண்டுகளில் அந்தத் திரையில் அவர் ஒரு விசையையும் தொட்டதில்லை. இப்போது அனுப்பும் விசையைத் தொட்டார். பாதிச் செய்தி அப்படியே அவருக்குப் போயிற்று. பக்கத்துத் திரையில் தம் சாட்டைத் திறந்தார். வந்திருந்தது, மனைவியின் பெயரில், இன்றைய தேதியிட்டு. “சரி” என்று பதில் எழுதினார். அது அவள் திரையில் விழுந்ததை இருவரும் பார்த்தார்கள். பிறகு அந்தக் கணினியை அணைத்துவிட்டு லைப்ரரி கோப்புகளையும் ஃபர்ம்வேரையும் ஏற்றினார்.

இருபது நிமிடத்தில் சர்வர் எழுந்தது. கீழிருந்து, “ரிசல்ட் போயிடுச்சு அத்தான்” என்று செய்தி வந்தது. ஸ்னாப்ஷாட்டை எழுப்பிப் பார்த்தார். எழவில்லை. சாட்டில் பச்சைப் புள்ளி இல்லை. மனைவியின் பெயருக்குக் கீழே ஒரு வரி மட்டும் இருந்தது: கடைசியாக வந்தது, இன்று, 1.17.

மாலையில் கிளம்பும்போது பை, குடை, மாத்திரை என ஒன்றுக்கு இரண்டு முறை சரிபார்த்துக்கொண்டார். எதை மறக்கக்கூடாது என்பதுதான் தெரியவில்லை.