ஊமைக் கிணற்றில் மழை

ஆஸ்பத்திரியில் அவரைச் சுவர்க்காது என்றுதான் கூப்பிடுவார்கள். எட்டு மாடி, நானூறு படுக்கை, எண்ணி மாளாத குழாய்கள். அத்தனைக்கும் இருபத்திரண்டு வருஷமாகப் பொறுப்பு அவர்தான். சுவரில் ஈரம் பூத்தால் மற்றவர்கள் சுத்தியலைத் தேடுவார்கள். இவர் கன்னத்தைச் சுவரோடு ஒட்டி, கண்ணை மூடி, மூச்சை அடக்கிக்கொண்டு நிற்பார். பிறகு காதிலிருந்து பென்சிலை எடுத்து ஒரு வட்டம் போடுவார். உடைத்துப் பார்த்தால் கசிவு அந்த வட்டத்துக்குள் இருக்கும். பெரிய டாக்டரே ஒருமுறை, என்னுடைய ஸ்டெதஸ்கோப்பைவிட உன் காது மேல் என்று சொல்லியிருக்கிறார்.

ஆனால் அந்த வேலையில் ஒரு குறை உண்டு. நன்றாகச் செய்தால் யாருக்கும் தெரியாது. தண்ணீர் வரும்வரை குழாய்க்காரர் ஒருவர் இருக்கிறார் என்பதே யாருக்கும் நினைவிருக்காது. நின்றுபோனால் மட்டும் எட்டு மாடியும் அவர் பெயரைச் சொல்லிக் கத்தும். அவர் அதற்காக வருத்தப்பட்டதாகத் தெரியவில்லை. பேசவே காசு கேட்கிற ரகம் அவர். வீட்டில் இருவருக்கும் சேர்த்துப் பேசுகிற வேலையை மனைவி எடுத்துக்கொண்டிருந்தாள். பிஸ்கட் தொழிற்சாலையில் பொட்டலப் பிரிவில் நாள் முழுக்க இயந்திரச் சத்தத்துக்கு மேல் கத்திப் பேசிப் பழகிய தொண்டை அவளுடையது.

அந்தப் பயணம் அவர்களுக்கு என்று போட்டதே அல்ல. மனைவியின் அக்காளும் சகலையும் போவதாக இருந்தது. கடலோரத்தில் புதைந்து கிடந்த ஒரு பழைய நகரம், பஸ்ஸில் மூன்று மணி நேரம், படகில் முக்கால் மணி நேரம், வழிகாட்டியோடு சுற்றிப் பார்த்துவிட்டுச் சாயங்காலமே திரும்பிவிடலாம். கிளம்ப இரண்டு நாள் இருக்கும்போது சகலைக்கு இடுப்புப் பிடித்துக்கொண்டது. டிக்கெட் இவர்கள் கைக்கு வந்தது. சுவர்க்காது எவ்வளவோ சொல்லிப் பார்த்தார், ஞாயிற்றுக்கிழமை நான்காம் மாடியில் வால்வு மாற்ற வேண்டும் என்றுகூடச் சொன்னார்.

“அந்த வால்வு திங்கக்கிழமை வரைக்கும் உசுரோட இருக்கும். நீங்க ஒரு நாள் என்கூட வாங்க,” என்றாள் மனைவி. அத்தோடு அந்தப் பேச்சு முடிந்தது.

பஸ்ஸில் அவர்களுக்குக் கிடைத்தது கடைசி வரிசை, கழிவறைக்குப் பக்கத்து இருக்கை. வழியெல்லாம் அவர் காது அந்தக் கதவுக்குப் பின்னால் சொட்டிக்கொண்டிருந்த தண்ணீர் மேலேயே இருந்தது. முன்னால் மைக்கைப் பிடித்துக்கொண்டு வழிகாட்டி அம்மாள் பேசிக்கொண்டு வந்தார். ஐம்பது வயதைத் தாண்டியவர், கட்டையான குரல், வெயிலில் கறுத்த முகம், கையில் சின்ன மஞ்சள் கொடி. பதினோரு வருஷமாக இதே பாதையில் வருகிறாராம். ஆனாலும் நேற்றுத்தான் அந்த நகரத்தைக் கண்டுபிடித்தவர்போலப் பேசினார். அங்கே வாழ்ந்தவர்கள் யார், என்ன மொழி பேசினார்கள், ஏன் விட்டுப் போனார்கள் என்று எதுவும் தெரியாது என்றார். இரண்டாயிரம் வருஷத்துக்கு முந்தியது என்பது மட்டும் உறுதி. சுவர்க்காது அதில் பாதியைத்தான் கேட்டார்.

படகில் அவர் பாடு திண்டாட்டமாகிவிட்டது. வாழ்நாளெல்லாம் தண்ணீரோடு புழங்கியவருக்குக் கடல் ஒத்துக்கொள்ளவில்லை. குடல் வாய்க்கு வர, கம்பியைப் பிடித்துக் குனிந்தபடியே முக்கால் மணி நேரத்தைக் கழித்தார். மனைவி ஒரு கையால் அவர் முதுகைத் தடவிக்கொண்டே, மறு கையால் கைப்பேசியில் படம் எடுத்துக்கொண்டு வந்தாள்.

கரை ஏறியதும் முதலில் அவருக்கு எதுவும் பெரிதாகத் தெரியவில்லை. கடலுக்குள் நீண்டிருந்த ஒரு பாறைமேடு, அதன் சரிவில் இடுப்பளவு நிற்கும் கல் சுவர்கள், நடுவில் மேலிருந்து கீழாக ஒரே கோடாக இறங்கும் கல் பாவிய தெரு. கூரை இல்லை, கதவு இல்லை. கூட்டம் மஞ்சள் கொடிக்குப் பின்னால் நகர, அவர் கடைசி ஆளாக, தரையைப் பார்த்துக்கொண்டு நடந்தார்.

தரையைப் பார்த்து நடந்ததால்தான் அது கண்ணில் பட்டது. ஒரு வீட்டின் மூலையில் நாலடிக்கு நாலடி கல் தளம். அதன் ஓரத்தில் உள்ளங்கை அகலத்தில் ஒரு துளை. தளம் நாலு பக்கமிருந்தும் அந்தத் துளையை நோக்கி மிக மெல்லிசாகச் சரிந்திருந்தது. சும்மா பார்த்தால் தெரியாது. சட்டைப்பையில் இருந்த கோலி அளவு மிட்டாயை எடுத்துத் தளத்தின் எதிர் மூலையில் வைத்தார். அது ஒரு நொடி யோசித்தது, பிறகு உருண்டு உருண்டு துளைக்குப் பக்கத்தில் போய் நின்றது. அவர் அவசரமாக எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

குளியலறை. தண்ணீர் ஓடுகிற சரிவை, வாட்டத்தை, பார்த்துக் கல் பதித்திருக்கிறான் ஒருவன். ஆஸ்பத்திரியில் போன மாதம் புதிதாகக் கட்டிய குளியலறையில் தண்ணீர் தேங்கி நிற்கிறது என்று அவர் காண்ட்ராக்டரோடு மூன்று நாள் மல்லுக்கட்டியிருந்தார்.

வெளியே தெருவோரம் மண் சரிந்திருந்த இடத்தில் அந்தக் குழாயே தெரிந்தது. சுட்ட மண் குழாய்கள், முழ நீளத் துண்டுகள். ஒவ்வொன்றின் குறுகிய முனையும் அடுத்ததன் அகன்ற வாய்க்குள் போயிருந்தது. அகன்ற வாய்கள் எல்லாம் மேட்டைப் பார்த்து இருந்தன. அப்படித்தான் இருக்க வேண்டும். இணைப்புகளில் சுண்ணாம்புக் கலவையை விரலால் ஒரே இழுப்பாக வழித்துப் பூசியிருந்தார்கள். விரல் போன தடம் அப்படியே இருந்தது. சுவர்க்காது குத்துக்காலிட்டு உட்கார்ந்து, தொடாமல், தன் கையை அந்தத் தடத்துக்கு மேலே காற்றில் ஓட்டிப் பார்த்தார். வலது கையால் அந்த வளைவு வரவில்லை. இடது கையால் வந்தது.

“இடது கைக்காரன்,” என்றார் தனக்குத்தானே.

“வந்த எடத்துலயும் சாக்கடையா?” என்று மனைவி தலைக்கு மேல் நின்று கேட்டாள். ஆனால் அவர் முகத்தைப் பார்த்ததும் அவளும் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாள். அவர் அந்த முகத்தோடு இருந்து அவள் பார்த்தது மகள் பிறந்த அன்று ஒருமுறைதான்.

தெருவின் கீழ்க்கோடியில், பாறை விளிம்புக்கு முப்பது அடி முன்னால், கயிறு கட்டிய ஒரு பெரிய குழி இருந்தது. சதுரமாக, கல் கட்டி, இரண்டு ஆள் ஆழம். இதற்கு ஊமைக் கிணறு என்று பெயர் என்றார் வழிகாட்டி அம்மாள். ஊற்று இல்லை, தண்ணீர் இல்லை, எதற்காக வெட்டினார்கள் என்று யாருக்கும் தெரியாது. காணிக்கை போடுகிற குழி என்று சிலர் சொன்னார்கள், தானியக் கிடங்கு என்று சிலர். போன கோடையில் ஆறடி மண்ணை வெளியே அள்ளிவிட்டு, பணம் தீர்ந்துபோய் நிறுத்திவிட்டார்களாம்.

கூட்டம் படம் எடுத்துவிட்டு நிழலைத் தேடிப் போனது. சுவர்க்காது கயிற்றோரம் நின்று எட்டிப் பார்த்தார். மூன்று பக்கச் சுவரிலும், பாதி ஆழத்தில், ஒவ்வொரு குழாய் வாய். கடல் பக்கச் சுவரில் மட்டும் ஒன்றும் இல்லை. ஆனால் அந்தச் சுவரின் அடியில், மண்ணுக்குச் சற்று மேலே, கல் வரிசை ஒரு முழ அகலத்துக்குப் புருவம்போல வளைந்திருந்தது. நேராகக் கட்டத் தெரிந்தவன் அங்கே மட்டும் ஏன் வளைக்க வேண்டும்?

அவருக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. மனைவியிடம் மெதுவாகச் சொன்னார். போய்ச் சொல்லுங்கள் என்று அவள் முழங்கையால் இடித்தாள். படித்தவர்கள் பார்த்துச் சொன்ன விஷயத்தில் தான் மூக்கை நுழைப்பதா என்று அவர் தயங்க, அவளே வழிகாட்டி அம்மாளைக் கையோடு அழைத்து வந்துவிட்டாள்.

“மேடம், இது கிணறு இல்ல,” என்றார் அவர். “மேன்ஹோல். ஊர்த் தண்ணியெல்லாம் இங்க வந்து சேருது. மண்ணு அடியில தங்கும், தண்ணி மட்டும் கடலுக்குப் போயிடும். வெளிய போற வழி அந்த வளைவுக்குக் கீழதான் இருக்கணும்.”

அந்த அம்மாள் சிரிக்கவில்லை. அப்படி ஒருவர் முன்பே எழுதியிருக்கிறார், ஆனால் வெளியே போகும் வழி கிடைக்காததால் யாரும் ஒத்துக்கொள்ளவில்லை என்றார். பிறகு கயிற்றைப் பிடித்துக் குனிந்து, பதினோரு வருஷமாகக் காட்டிக்கொண்டிருந்த அந்தச் சுவரை வெகு நேரம் பார்த்தார். “நான் அந்த வளைவக் கவனிச்சதே இல்ல சார்,” என்றார்.

அப்போதுதான் மழை வந்தது. மழைக்காலத்துக்கு இன்னும் ஒரு மாதம் இருந்தது. மழைக்காலத்தில் அங்கே படகு ஓடாது, தோண்டுகிறவர்களும் வர மாட்டார்கள். அதனால் அந்த ஊரில் மழை பெய்து இந்தக் காலத்து ஆள் எவரும் நின்று பார்த்ததில்லை. பருவம் தப்பி வந்த மழை சடசடவென்று பிடித்துக்கொள்ள, கூட்டம் தகரக் கொட்டகைக்கு ஓடியது. சுவர்க்காது ஓடவில்லை, வழிகாட்டி அம்மாளும் ஓடவில்லை. அவர் தெருக் கல்லில் மண்டியிட்டு, கவிழ்ந்து, கன்னத்தைத் தரையோடு ஒட்டிக் கண்ணை மூடிக்கொண்டார். மனைவி குடையை விரித்து அவர் தலைக்கு மேல் பிடித்தாள். அவளுக்கு இது புதிதல்ல.

முதலில் மழைச் சத்தம் மட்டும்தான். பிறகு, வெகு தூரத்தில், மேட்டில், கல்லுக்கு அடியில் ஏதோ முனகியது. அது இறங்கி வந்தது. ஒரு வீட்டிலிருந்து ஒரு சத்தம், எதிர் வீட்டிலிருந்து இன்னொன்று, இரண்டும் சேர்ந்து கனத்து, அடுத்த சந்தில் இன்னும் இரண்டைச் சேர்த்துக்கொண்டு, தெருவுக்கு அடியில் அவர் காதைக் கடந்து கீழே ஓடியது. ஒரு நகரமே தூக்கத்திலிருந்து எழுந்து தொண்டையைச் செருமுவதுபோல இருந்தது. எங்கும் உடைப்பு இல்லை. எங்கும் தேங்கவில்லை. அவர் காது பொய் சொல்லாது.

“வருது,” என்றார் எழுந்து.

மூவரும் குழிக்கு ஓடினார்கள். இடது பக்க வாய் முதலில் தூசியைத் துப்பியது, பிறகு சருகு, பிறகு சேற்று நீர். அடுத்து வலது பக்கம். கடைசியாக எதிர்ப்பக்கம். மூன்று வாயும் ஒன்றாகக் கொட்டக் குழியில் தண்ணீர் விறுவிறுவென்று ஏறியது. கணுக்கால், முழங்கால், இடுப்பு. வளைவை மூடி மேலே ஏறியது. வழிகாட்டி அம்மாளின் கொடி நனைந்து கோலோடு ஒட்டிக்கொண்டது. சுவர்க்காது கயிற்றை இறுக்கிப் பிடித்திருந்தார். அவன் சரியாகத்தான் செய்திருப்பான், செய்திருப்பான் என்று உள்ளுக்குள் சொல்லிக்கொண்டே இருந்தார்.

தண்ணீர் நின்றது. அசையாமல் ஒரு கணம் யோசித்தது. கடல் பக்கச் சுவரோரம் மேலே மிதந்த சருகுகள் மெல்லச் சுற்ற ஆரம்பித்தன. சுழி விழுந்தது. அடியிலிருந்து, பெரிய மிருகம் ஒன்று மடக்கென்று விழுங்குவதுபோல ஒரு சத்தம் வந்தது, காலுக்குக் கீழே பாறை அதிர்ந்தது. மூவரும் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு விளிம்புக்குப் போனார்கள். கீழே, பாறையின் அடிவயிற்றில், அலை வந்து மோதுகிற ஒரு வெடிப்பிலிருந்து பழுப்பு நிறத் தண்ணீர் பீறிட்டு, நீலக் கடலில் விசிறிபோல விரிந்துகொண்டிருந்தது.

மனைவி கைப்பேசியை எடுக்கவே மறந்துவிட்டாள். வழிகாட்டி அம்மாள் மைக் இருந்த பையை மார்போடு அணைத்துக்கொண்டு அழுதுகொண்டிருந்தார், அதை மறைக்கவும் இல்லை. சுவர்க்காது அந்தப் பழுப்பு விசிறியையே பார்த்துக்கொண்டிருந்தார். பெயர் தெரியாத அந்த இடது கைக்காரனும் மட்டம் பார்த்து, கலவை பூசி, மேலே கல்லை மூடிவிட்டு வீட்டுக்குப் போயிருப்பான். ராஜா போனான், சனங்கள் போனார்கள், பேசிய மொழியும் போய்விட்டது. தண்ணீர் மட்டும் அவன் சொன்ன வழியில் போய்க்கொண்டிருக்கிறது.

“ரெண்டாயிரம் வருஷம்,” என்றார் கடைசியில். “ஒரு புகார்கூட இல்ல.”

திரும்பும் படகில் அவருக்குக் குமட்டவே இல்லை. பஸ்ஸில் எல்லோரும் ஈரத்தோடு தூங்கிப்போக, வழிகாட்டி அம்மாள் நோட்டுப் புத்தகத்தோடு கடைசி வரிசைக்கு வந்து உட்கார்ந்து கேள்வி கேட்டார். அவர் பதில் சொன்னார். வாட்டம் என்றால் என்ன, நேராக விழுகிற தண்ணீரும் சரிந்து வருகிற தண்ணீரும் எப்படி வேறு வேறாகப் பேசும் என்று ஊர் வரும்வரை சொல்லிக்கொண்டே வந்தார். ஜன்னலோரம் இருந்த மனைவி தூங்குவதுபோலக் கண்ணை மூடிக்கொண்டு ஒரு சொல் விடாமல் கேட்டாள். இறங்கும்போதுதான், இத்தனை வருஷத்தில் என்னிடம் இதையெல்லாம் ஏன் சொல்லவில்லை என்று குறைபட்டுக்கொண்டாள்.

“நீ எங்க எனக்குப் பேச எடம் குடுத்த?” என்றார். அவள் சிரித்துவிட்டாள்.

மழைக்காலம் முடிந்து வழிகாட்டி அம்மாளின் போன் வந்தது. தோண்டுகிறவர்கள் குழியில் சிவப்புச் சாயம் கலந்து பார்த்தார்களாம், கடலில் சிவப்பாக வந்ததாம். வளைவுக்குக் கீழே மண்ணை அள்ளியதில், ஆள் தவழ்ந்து போகிற அளவுக்கு ஒரு வழி பாறையைக் குடைந்து போகிறதாம். ஊமைக் கிணறு என்ற பலகையை எடுத்துவிட்டார்கள். ஆஸ்பத்திரியில் இதை மனைவி சொல்லித்தான் எல்லோருக்கும் தெரிந்தது. அவள் வாயில் அந்த மழை வாரத்துக்கு வாரம் பெரிதாகிக்கொண்டே போனது, அவர் திருத்தவில்லை.

அடுத்த கோடையில் அவர்களே டிக்கெட் எடுத்துப் போனார்கள். வெயில் பளீரென்று இருந்த நாள், குழி காய்ந்து கிடந்தது. வழிகாட்டி அம்மாள் மூன்று வாய்களையும் வளைவையும் காட்டிப் புதிய கூட்டத்துக்கு விளக்கிக்கொண்டிருந்தார். சுவர்க்காது பின்வரிசையில் நின்று கொஞ்ச நேரம் கேட்டார். பிறகு திரும்பி, தெரு ஏறிப் போய் முட்புதருக்குள் மறையும் மேட்டைப் பார்த்தார். தண்ணீர் எப்படிப் போகிறது என்று தெரிந்துவிட்டது. மூன்று பக்கமும் உப்புக் கடல் சூழ்ந்த இந்தப் பாறைக்கு, இத்தனை வீட்டுக் குளியலறைக்கும் நல்ல தண்ணீர் எங்கிருந்து வந்தது?

அதை அவர் வாய்விட்டுக் கேட்பதற்குள் மனைவி புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு மேட்டில் பாதி தூரம் ஏறியிருந்தாள்.