சத்தம் போடாத கேமரா

படப்பிடிப்பில் அவளுக்கு இரண்டு பெயர்கள். முகத்துக்கு நேரே ‘ஸ்டில்ஸ் அக்கா’. முதுகுக்குப் பின்னால் ‘பூதக்கண்ணாடி’. போஸ்டருக்கும் பத்திரிகைகளுக்கும் வேண்டிய புகைப்படங்களை எடுப்பது அவள் வேலை. எதையும் சந்தேகப்படுவது சுபாவம். டீ கொடுத்தால் கோப்பையின் அடியைத் தூக்கிப் பார்ப்பாள். இயக்குநர் “இதுதான் கடைசி ஷாட்” என்றால் பையை மூடமாட்டாள். “இன்னைக்குச் சீக்கிரம் முடிஞ்சிரும்” என்று மேனேஜர் சொன்ன மறுநிமிடம் கணவருக்குப் போன் போட்டு, “எனக்காகக் காத்திருக்காம சாப்பிட்டுருங்க” என்பாள். பெரும்பாலும் அவள் சந்தேகம்தான் ஜெயிக்கும். அந்த வியாதி தீராததற்கு அதுவே காரணம்.

வியாதிக்கு ஓர் ஆரம்பம் உண்டு. ஃபிலிம் சுருள் காலத்தில், அண்ணன் வைத்திருந்த பாஸ்போர்ட் போட்டோ ஸ்டுடியோவிலிருந்து முதன்முதலாகச் சினிமா வேலைக்குப் போனாள். காலையிலேயே கேமராவுக்குள் ஷட்டர் சிக்கிக்கொண்டு அடிக்காமல் நின்றுவிட்டது; செட்டின் இரைச்சலில் அது அவளுக்குத் தெரியவில்லை. கேமராவில் எண் மட்டும் ஒழுங்காக ஏறிக்கொண்டே போனது. அன்று எடுத்த சுருளைக் கழுவினால், உரித்த வெள்ளைப்பூண்டு மாதிரி வெறுமையாக வந்தது. அன்றிலிருந்து எந்தக் கருவி காட்டும் எண்ணையும் அவள் நம்புவதில்லை. விரலுக்கு அடியில் ஷட்டர் ‘டக்’ என்று அடிக்க வேண்டும், அது காதில் விழ வேண்டும். அப்போதுதான் படம் எடுத்ததாகக் கணக்கு.

இந்தப் படத்தில் அந்த ‘டக்’கே அவளுக்கு எமனாக வந்தது. பின்னால் டப்பிங் பேசும் வழக்கத்தை விட்டுவிட்டு, நடிகர்கள் பேசும்போதே குரலைப் பதிவு செய்வது என்று இயக்குநர் முடிவு செய்திருந்தார். திங்கட்கிழமை ஒலிப்பதிவாளர் அவளைக் கூப்பிட்டுத் தன் ஹெட்போனை அவள் தலையில் மாட்டினார்.

“கேளுங்கக்கா.”

யாரோ மெல்ல விசும்புகிற சத்தம். நடுவில், டக். மறுபடி, டக், டக்.

“என்ன தம்பி இது? அழற நேரத்துல எவன் தாழ்ப்பாளைப் போட்டு ஆட்டுறான்?”

“நீங்கதான்க்கா.”

மேனேஜர் பக்கத்திலேயே நின்றிருந்தார். அவர் சும்மா நிற்கிற ஆள் இல்லை. “இந்த வாரத்துக்குள்ள சத்தமில்லாத கேமரா ஒண்ணு வாங்கிருங்க. இல்லேன்னா சத்தமில்லாத கேமரா வச்சிருக்கிற ஆளை நாங்க பாத்துக்கணும். வருத்தப்படக் கூடாது.”

வருத்தப்படக் கூடாது என்று யாராவது சொன்னால், வருத்தப்படுகிற மாதிரி எல்லாம் முடிவாகிவிட்டது என்று அர்த்தம். அவளுக்கு அது தெரியும். இந்தப் படம் கையைவிட்டுப் போனால், ‘அந்தக்காவோட கேமரா சத்தம் போடும்’ என்ற பேச்சு அடுத்த படத்துக்கு அவளுக்கு முன்னால் போய் உட்கார்ந்துகொள்ளும்.

கேமராக் கடையில் விற்பனையாளர் பல் தெரியச் சிரித்தார். அந்தச் சிரிப்பையும் அவள் உற்றுப் பார்த்தாள்.

“மிரர்லெஸ்தான் மேடம் உங்களுக்கு. பழைய கேமராவுல உள்ளே ஒரு கண்ணாடி ஏறி இறங்கும், பாதி சத்தம் அதுலதான். இதுல அந்தக் கண்ணாடியே கிடையாது.”

“உள்ளே இருந்த சாமானைக் கழட்டிட்டு விலையை ஏத்திட்டீங்க.”

“அப்படி இல்ல மேடம்...”

“வேற எப்படி?”

வியூஃபைண்டரில் கண்ணை வைத்தாள். உள்ளே கடை தெரிந்தது, ஆனால் கடை இல்லை. கடையின் குட்டி டிவி. வெளிச்சத்தைக் கூட்டினால் அதுவும் கூடியது. “தம்பி, பழைய கேமராவுல நான் பாத்தேன். இதுல இது எனக்குக் காட்டுது. ரெண்டும் ஒண்ணா?” என்றாள். விற்பனையாளர் தண்ணீர் குடித்தார்.

கடைசியில் இரண்டு கேமராக்கள் மிஞ்சின. பெரியதில் ஷட்டர் திரையே கிடையாது. எல்லாம் மின்னணு முறைதான், மூச்சு விடுகிற சத்தம்கூட வராது. சின்னதில் ஊமையாக எடுக்கவும் செய்யலாம், வேண்டுமென்றால் நிஜ ஷட்டரும் அடிக்கும். விற்பனையாளர் பெரியதைத் தலைமேல் தூக்கி வைத்துப் புகழ்ந்தார். அதனாலேயே அவளுக்குச் சின்னதன் மேல் கொஞ்சம் இரக்கம் வந்தது. இரண்டையும் வாடகைக்கு எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தாள்.

கணவர் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். பஸ் டிப்போவில் நேரக் காப்பாளர்; எதிலும் பதற்றப்படாத மனிதர். அவள் எதிரே நின்று அழுத்தத் தொடங்கினாள். கொஞ்ச நேரம் கழித்து அவர் நிமிர்ந்தார்.

“எடுக்கப்போறியா? சட்டை மாத்திக்கட்டுமா?”

“எடுத்து முடிச்சாச்சு.”

“எப்போ?” பேப்பரை மடித்தார். “ஏய், மூக்கைச் சொறிஞ்சேனே!”

“அதுவும் இருக்கு.”

அடுத்து மின்விசிறி. ஊமை முறையில் படம் மேலிருந்து கீழாக வரிவரியாகப் பதிவாகும். அது மெதுவாக நடந்தால், ஓடுகிற பொருள் அதற்குள் நகர்ந்து கோணிப்போகும். சின்ன கேமராவில் விசிறி இறக்கைகள் வாழைப்பழமாக வளைந்தன. பெரியதில் ஸ்கேல் வைத்துப் போட்ட மாதிரி நேராக நின்றன. டியூப்லைட் வெளிச்சத்திலும் அதே கதை: சின்னதில் கறுப்புப் பட்டைகள், பெரியதில் எதுவும் இல்லை. இரவு சாப்பாடு ஆறும் வரைக்கும் குறை தேடினாள். ஒன்றும் அகப்படவில்லை.

“அப்ப பெருசையே வாங்கிரு. அதான் ஒரு குறையும் இல்லையே,” என்றார் கணவர்.

“ஒரு குறையும் இல்லாத மாப்பிள்ளையைப் பத்தித்தான் நாலு இடத்துல விசாரிக்கணும்.”

“என்னைப் பத்தி விசாரிச்சியா?”

“உங்ககிட்ட குறை வெளியிலயே தெரிஞ்சுது. அதான் நிம்மதியா கட்டிக்கிட்டேன்.”

புதன்கிழமை பெரிய கேமராவோடு போனாள். ஒலிப்பதிவாளர் ஹெட்போனுக்குள் இருந்தபடியே கட்டைவிரலை உயர்த்தினார். கதைப்படி, வீட்டை விட்டு வெளியேறச் சொல்லும் தாக்கீதைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு தாய் அழ வேண்டும். தாயாக நடித்தவர் பழம்பெரும் நடிகை. எல்லோருக்கும் அவர் ‘பெரியம்மா’. இதுவரை காட்சி பதிவாகும் டேக் நேரத்தில் அவள் தூரத்திலிருந்தே எடுப்பாள், நெருங்கிப் போனதே இல்லை. கிட்டத்துப் படங்களை டேக் முடிந்ததும் “ஸ்டில்ஸுக்கு ஒரு தடவை” என்று திரும்ப நிற்கச் சொல்லித்தான் எடுப்பாள். அன்று நிஜக் கண்ணீர் விழுகிற நேரத்தில் நாற்காலிக்குப் பக்கத்தில் முழங்காலிட்டு எடுத்தாள். விரலுக்கு எந்தப் பதிலும் வராததால் எடுத்ததையே திரும்பத் திரும்ப எடுத்தாள்.

மதியத்துக்குள் காற்று மாறியது. அவள் பக்கம் திரும்பினால் ஒப்பனைக்காரம்மா முந்தானையைச் சரிசெய்தாள். லைட் போடுகிறவர்கள் சாப்பிட்டுக்கொண்டிருந்த வாயை மூடினார்கள். உதவி இயக்குநர் ஒருவர் கொட்டாவியைப் பாதியில் நிறுத்தி, “இது வேணாம்க்கா, ப்ளீஸ்” என்றார். அவள் கேமரா தோளில் தொங்கிக்கொண்டுதான் இருந்தது. மேனேஜர் சொன்ன அந்த வேறு ஆள் எவனோ வந்து கலகம் மூட்டிவிட்டுப் போயிருக்கிறான் என்று அவளுக்குத் தோன்றியது. வாசல் காவலரிடம் போய், புதிதாக யாராவது வந்தார்களா என்றுகூட விசாரித்தாள். தண்ணீர் கேன் போடுகிறவரைத் தவிர யாரும் வரவில்லை.

பெரியம்மா ஆள் அனுப்பினார்.

“உக்காரு. காலையிலேருந்து என்னை எத்தனை எடுத்தே?”

“டேக்குல நிறைய. இடையில கொஞ்சம்.”

“இடையில நான் பல்செட்டைக் கழட்டித் துடைச்சேன்.”

“அதை எடுக்கல பெரியம்மா.”

“எனக்கு எப்படித் தெரியும்? இத்தனை வருஷமா உங்க ஆளுங்களோட ‘டக்’கைக் கேட்டுத்தான் மூஞ்சியைத் தூக்கி வைப்பேன். அது நின்னா இறக்கி வைப்பேன். எந்நேரமும் தூக்கிப் பிடிச்சுக்கிட்டே இருந்தா கை வலிக்கிற மாதிரி மூஞ்சியும் வலிக்கும்மா. இன்னைக்குக் காலையிலேருந்து இறக்கவே இல்ல.”

அவள் அவசரமாகக் கேமராவின் மெனுவைத் துழாவினாள். சத்தம் வேண்டுமென்றால் ஸ்பீக்கர் வழியாகப் போலிச் சத்தம் போடும் வசதி அதில் இருந்தது. அழுத்திக் காட்டினாள். ‘கிளிச்’ என்று ஏதோ பொம்மை கண் சிமிட்டுகிற மாதிரி ஒரு சத்தம் வந்தது.

“இது நடிப்பு,” என்றார் பெரியம்மா. “நடிப்பு எனக்குத் தெரியாதா?”

சாயங்காலம் மேனேஜர் வந்து நின்ற விதத்திலேயே விஷயம் புரிந்தது. அந்தக் கேமரா உள்ளே இருந்தால் பெரியம்மா செட்டுக்குள் வரமாட்டாராம். “சத்தம் போட்டாலும் வம்பு, போடாட்டாலும் வம்பு. நான் என்னதான் பண்றது, நீங்களே சொல்லுங்க.”

வீட்டுக்குப் போகும் பஸ்ஸில் அவளுக்குக் கோபம் வரவில்லை. ஏன் வரவில்லை என்பதுதான் குடைந்தது. பெரியம்மாவின் இடத்தில் தான் இருந்தால் காலையிலேயே செட்டைவிட்டுப் போயிருப்போம் என்று பட்டது. ஊரையெல்லாம் ஓரக்கண்ணால் பார்த்தவளை முதல்முறையாக ஊர் அப்படிப் பார்க்கிறது. அவர்கள் பார்ப்பதில் தப்பும் இல்லை.

மறுநாள் சின்ன கேமராவை எடுத்துக்கொண்டு நேராகப் பெரியம்மாவின் அறைக்குப் போனாள்.

“இதுல நிஜ ஷட்டர் இருக்கு. டேக்குல மட்டும் ஊமையா வைப்பேன். மத்த நேரமெல்லாம் அடிக்கும்.”

பெரியம்மா சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்தார். “எடு பாப்போம்.” டக். “எடுத்தே.” மௌனம். “எடுக்கல.” டக். “எடுத்தே.” பிறகு மெல்லத் திரும்பினார். “சரி. டேக் இல்லாத நேரத்துல நீ திருட்டுத்தனமா ஊமையாக்கி எடுத்தேன்னு வச்சுக்க. எனக்குத் தெரியுமா?”

“தெரியாது.”

“அப்ப உன்னை எதை வச்சு நம்புறது?”

“நம்ப வேணாம். நானா இருந்தா நம்பமாட்டேன்,” என்றாள் அவள். “தினம் ஷூட்டிங் முடிஞ்சு பேக்கப் ஆனதும் அன்னைக்கு எடுத்த எல்லாத்தையும் உங்ககிட்டதான் முதல்ல காட்டுவேன். எந்த முறையில எடுத்ததுன்னு ஒவ்வொரு படத்துலயும் பதிவாயிருக்கும். இடைவேளையில ஊமையா எடுத்தது ஒண்ணு இருந்தாலும், நீங்களே அழிச்சிட்டு என்னை அனுப்பிருங்க.”

பெரியம்மா அவளை ஏற இறங்கப் பார்த்தார். “சம்பளத்துக்குச் சந்தேகப்படுறவங்களைப் பாத்திருக்கேன். நீ பொழுதுபோக்குக்கே சந்தேகப்படுறவ போலிருக்கு. சரி, வேலையைப் பாரு.”

சனிக்கிழமை கடைக்குப் போய்ச் சின்னதை வாங்கிக்கொள்கிறேன் என்றதும் விற்பனையாளர் திகைத்தார்.

“மேடம், விசிறி வளையுதுன்னு நீங்கதானே சொன்னீங்க?”

“வளையட்டும். விசிறி ஓடுற இடத்துல நான் நிஜ ஷட்டரைப் போட்டுக்கிறேன். டேக்குல விசிறியை நிறுத்திருவாங்க, அதோட இரைச்சலும் ஒலிப்பதிவுக்கு ஆகாது.”

“இருந்தாலும் பெருசுதான் மேடம் நல்ல மாடல்.”

“அதையே இவ்வளவு வற்புறுத்துறீங்களே, அதுல உங்களுக்குக் கமிஷன் எவ்வளவு?”

அதற்குமேல் அவர் வற்புறுத்தவில்லை. மூன்று பெட்டிகளைப் பிரிக்கச் சொல்லி, மூன்றாலும் வெள்ளைச் சுவரைப் படமெடுத்து, சென்சாரில் தூசு இல்லாத ஒன்றை எடுத்துக்கொண்டாள்.

அன்று மதியம் செட்டில் அழுகைக் காட்சியின் மிச்சம் ஓடியது. பேக்கப் ஆனதும் ஒப்பனை அறையில் மடிக்கணினியைத் திறந்து வைத்தாள். மேனேஜர் கதவோரம் நின்றார். பெரியம்மா மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொரு படமாகப் பார்த்தார், ஒவ்வொன்றுக்கும், “இது எப்படி எடுத்தது?” என்று கேட்டு, ஓரத்தில் இருந்த எழுத்தைக் குனிந்து படித்து உறுதிசெய்துகொண்டார். ஒரு படத்தில் கை நின்றது. தாக்கீதை மடித்த கை மார்பில். அது தூக்கி வைத்த முகம் இல்லை.

“இது?”

“டேக்குல. ஊமையா.”

“நீ இவ்வளவு கிட்டவா இருந்தே?”

“முழங்கால் பக்கத்துல.”

பெரியம்மா அந்தப் படத்தை வெகுநேரம் பார்த்தார். மேனேஜர் கதவோரத்திலிருந்து எட்டிப் பார்த்துவிட்டு, “போஸ்டரே இதுதான்க்கா” என்றார். “அடுத்த ஷெட்யூல் பதினாலாம் தேதி. மறந்துராதீங்க.”

“தேதி நிச்சயமா?” என்றாள் அவள்.

“பதிலை அப்புறம் சொல்லுங்க மேனேஜர்,” என்றார் பெரியம்மா, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். “நீ அடுத்த படத்தைத் தள்ளும்மா. இன்னும் பாதிகூடப் பாக்கல.”