வசனம் எடுத்துக் கொடுத்த சித்தி

என் சித்தி டி.வி. நடிகை என்றால் ஆம்பூரில் ஒருவரும் நம்புவதில்லை. நம்பாதவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். சென்னையில் டி.வி. வந்த புதிதில் நாடகங்களை நடிக்க நடிக்க அப்படியே ஒளிபரப்புவார்கள். பதிவு என்று எதுவும் மிஞ்சாது. காட்டுவதற்கு அவளிடம் ஒன்றும் இல்லை.

பக்கத்து வீட்டுப் பெண், நர்ஸ், கடைசி மகள், இப்படித்தான் வேடங்கள். ஒருமுறை அப்பாவாக நடித்தவர் கேமரா முன்னால் வசனம் மறந்து விழித்தார். சித்தி சட்டென்று, "வீட்டை விக்க உங்களுக்கு மனசு வரலை, அதானேப்பா?" என்று அவர் வசனத்தையும் சேர்த்துப் பேசிவிட்டாள். அவர் நன்றியில் கண்கலங்கியதை, பார்த்தவர்கள் நடிப்பு என்று மெச்சினார்களாம். அதன்பின் மறதிக்கார நடிகர் யார் வந்தாலும் பக்கத்தில் சித்திக்கு ஒரு வேடம் நிச்சயம். "அவங்க மறதியிலதான் என் பொழப்பே ஓடுச்சு" என்பாள்.

ஷூ கம்பெனி சூப்பர்வைசரைக் கட்டிக்கொண்டு ஆம்பூர் வந்த பிறகும் பழக்கம் போகவில்லை. நாங்கள் வாயைத் திறந்தால் போதும், மீதியை அவள் சொல்லி முடிப்பாள். எங்களுக்கு எரிச்சலாக இருக்கும். சித்தப்பா மட்டும் பாதி பேசிவிட்டு நிம்மதியாகச் சாய்ந்துகொள்வார்.

போன வருடம் அவருக்குப் பக்கவாதம் வந்து பேச்சு போய்விட்டது. வேலூர் ஆஸ்பத்திரியில் பேச்சுப் பயிற்சி தரும் பெண் சித்தியிடம் கறாராகச் சொன்னாள். "ஆன்ட்டி, நீங்க எடுத்துக் குடுத்துனே இருந்தா அங்கிளுக்குப் பேச்சு வராது. அவரா சொல்ற வரைக்கும் கம்முனு இருங்க."

"அந்த மனுஷன் முழிச்சினு இருப்பாரு, நான் பாத்துனு இருக்கணுமா?" என்று பஸ்ஸில் ஆம்பூர் வரை அழுதுகொண்டே வந்தாள். எனக்குப் பாவமாக இருந்தது.

ஆனாலும் கம்மென்றுதான் இருந்தாள். அவர் திணறும்போதெல்லாம் முந்தானையை வாயில் அடைத்துக்கொள்வாள். அவருக்கு என்ன வேண்டும் என்று அவளுக்குத் தெரியும், அதுதான் கொடுமை.

ஒரு நாள் மாலை டீயை ஒரு வாய் குடித்துவிட்டு டம்ளரைக் கீழே வைத்தார். "சக்... சக்..." நான் சொல்லிவிடப் போனேன். சித்தி என் தொடையில் கிள்ளினாள். வலியில் உயிர் போனது. வாசலில் ஓர் ஆட்டோ வந்து, ஆள் இறங்கி, சில்லறைக்குச் சண்டை போட்டு, ஆட்டோவும் போய்விட்டது.

"சக்கர... கம்மி... மே."

எங்கள் ஊர் ஆண்கள் பெண்டாட்டியைக் கூப்பிடுவது போல அவர் அவளை 'மே' போட்டுக் கூப்பிட்டு எத்தனை மாதமாயிற்று! நான் சர்க்கரை டப்பாவை எடுக்க எழுந்தேன். சித்தி என் கையைப் பிடித்து உட்கார வைத்தாள். முகமெல்லாம் கண்ணீரோடு அவர் பக்கம் குனிந்தாள்.

"காதுல விழலங்க. இன்னொரு வாட்டி சொல்லுங்க."