எதிர் வீட்டுக்கு ஒரு ரிஜிஸ்டர் தபால்

போன வாரம் என் கொழுந்தியா செல்வராணி போன் செய்தாள். "மச்சான், எங்க தெரு மிளகாயெல்லாம் அரைக்க பஸ் ஏறி கடமலைக்குண்டுக்குப் போகுது. நான் வாசல்ல நின்னு பார்த்துக்கிட்டு இருக்கேன்."

கடமலைக்குண்டுக்குப் பக்கத்துக் கிராமம் அவளுடையது. வீட்டை ஒட்டிய அறையில் மாவு மில் போட்டிருக்கிறாள். மிஷின் வந்து, பொருத்தியும் ஆகிவிட்டது. பஞ்சாயத்து உரிமம்தான் வரவில்லை. மாசி, பங்குனியில்தான் வீடுகளில் வருஷத்துக்கான மிளகாய்த்தூள் அரைப்பார்கள். அதை விட்டால் அடுத்த மாசி வரை மிஷின் தூசிதான் அரைக்க வேண்டும்.

தேனியில் எனக்குத் தெரிந்த வக்கீல் ஒருவரிடம் அவளை அழைத்துப் போனேன். ஐந்தாவதோடு பள்ளியை விட்டவன் நான்… வக்கீல் முன்னால் உட்காரவே கூச்சம். செல்வராணிக்கு அதெல்லாம் கிடையாது. நாற்காலியை இழுத்துப் போட்டு முழுக்கதையும் சொன்னாள்.

"வழி இருக்கும்மா" என்றார் வக்கீல். "உரிமம் கேட்டா இத்தனை நாளுக்குள்ள முடிவு சொல்லணும்னு கெடு இருக்கு. சில உரிமத்துக்கு, கெடு தாண்டிட்டா அனுமதி கிடைச்சதாவே சட்டம் எடுத்துக்கும். உங்க மில் அதுல வருதான்னு பார்க்கணும். வரலைன்னா, திங்கக்கிழமை கலெக்டர் ஆபீஸ்ல மனு. அதுக்கும் அசையலைன்னா மதுரை ஐகோர்ட். 'உண்டு, இல்லைன்னு ஒண்ணைச் சொல்லு'ன்னு உத்தரவு வாங்கலாம்."

எனக்கே தெம்பு வந்தது. நம்மைப் போன்றவர்களுக்காகச் சட்டம் இவ்வளவு தூரம் யோசித்திருக்கிறதா?

"மனு குடுத்த ரசீதைக் காட்டுங்க."

செல்வராணி என்னைப் பார்த்தாள். நான் ஜன்னலைப் பார்த்தேன்.

"ரசீது வாங்கலையே சார். பஞ்சாயத்துச் செயலர் எனக்குப் பெரியப்பா முறை. எதிர் வீடு. கையில குடுத்தேன், வாங்கி வச்சுக்கிட்டாக. அவுககிட்டப் போயி சீட்டுக் கேட்டா நல்லாவா இருக்கும்?"

"அப்ப கெடு ஆரம்பிச்சதுன்னு எதை வச்சும்மா சொல்றது? இன்னொரு மனு எழுதி ரிஜிஸ்டர் தபால்ல அனுப்புங்க."

"எதிர் வீட்டுக்கு ரிஜிஸ்டர் தபாலா? சொத்துத் தகராறுன்னு ஊரே கூடிரும் சார்."

வக்கீல் சிரித்துவிட்டார். "சரி, நேர்லயே குடுத்து நகல்ல சீல் வாங்குங்க."

மறுநாள் பஞ்சாயத்து ஆபீசுக்குப் போனோம். செயலர் காசுக்குக் கை நீட்டுவாரோ என்று பஸ்ஸில் பேசிக்கொண்டே போனோம். அவள் மனுவையும் நகலையும் செயலரிடம் நீட்டியதும், நான் சுவர் காலண்டரில் நல்ல நேரம் பார்க்க ஆரம்பித்துவிட்டேன்.

"என்னத்தா, எம்மேல நம்பிக்கை இல்லையா?"

"உங்க மேல இருக்கு பெரியப்பா. நாளைக்கே உங்களை வேற ஊருக்கு மாத்திட்டா, வர்ற ஆளுக்கு நான் யாரு?"

அவர் டிராயரை இழுத்து, அடியிலிருந்து அவளுடைய பழைய மனுவை எடுத்தார்.

"ஒனக்குப் பின்னால குடுத்தவுகளுக்கெல்லாம் முடிஞ்சு போச்சு. ஒன்னோடதை மட்டும் எடுக்குறதும் திருப்பி வைக்கிறதுமாவே இருக்கேன். சொந்தக்காரப் புள்ளைக்கு மட்டும் வேலை நடக்குதுன்னு சொல்லுவாக. முன்னயே ஒரு தடவ குத்திக் காட்டிட்டாக. அதான் அடியிலயே கெடக்கு."

அட… மனிதர் பயந்துபோயல்லவா உட்கார்ந்திருக்கிறார்?

சீல் வைத்தார். தேதி போட்டார். நம்பர் எழுதினார். "இனி இது வரிசையில வந்துருச்சு. யாரு கேட்டாலும் நம்பரைக் காட்டுவேன்." எங்களைவிட அவர் முகம்தான் முதலில் தெளிந்தது.

உங்களுக்கும் ஏதாவது ஆபீசில் சொந்தக்காரர் இருக்கிறாரா? முதலில் ரசீதைக் கேளுங்கள் — அவருக்காகவும்தான்.

உரிமம் இன்னும் வரவில்லை. ஆனால் கெடு ஓடத் தொடங்கிவிட்டது. தாண்டினால், வக்கீல் சொன்ன படிகளில் ஒவ்வொன்றாக ஏறுவது என்று முடிவு. நேற்றுப் பேசியபோது செல்வராணி சொன்னாள்: "எதிர் வீட்டுப் பெரியம்மா மட்டும் மிளகாய இன்னும் பஸ்ல ஏத்தல மச்சான். மாடியிலதான் காயுது."

தினமும் காலையில் அதை விரித்துப் போடுவது செயலர்தானாம்.