துண்டுக்குள் முடிந்த கடலை விலை

கடலை மண்டியில் விலையை வாயால் சொல்லக் கூடாது. தரகன் கையும் விற்பவர் கையும் துண்டுக்கு அடியில் இருக்கும். விரலைப் பிடித்தே பேசி முடிப்போம். புதுக்கோட்டையில் ஒரு ராவுத்தர் மண்டியில் நான் தரகன். பெண்கள் சரக்கு கொண்டுவந்தால், கூட வரும் ஆண்தான் கை கொடுப்பார்.

1952 மாசியில் ஆவூர் அந்தோணியம்மாள் மட்டும் தனியாக வண்டியோடு வந்தார். கணவர் மலேயா ரப்பர் தோட்டத்தில் இருந்தார். ரப்பர் விலை விழுந்ததில் அவர் பணம் அனுப்புவது நின்றுபோனது. வீட்டில் கிணறு பாதி வெட்டிக் கிடந்தது. மழைக்குள் சுவர் கட்டாவிட்டால் சரிந்துவிடும்.

"கூட ஆம்பள யாரும் வரலையாம்மா?"

"இல்லைங்க. எனக்கும் அஞ்சு வெரலுதானே? துண்டப் போடுங்க."

மண்டியே சிரித்தது. எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. அவரோ அசராமல் நல்ல விலைக்கு முடித்தார்.

எடை போடுவதற்குள் மதராஸிலிருந்து தந்தி. கொரியா சண்டைக்குப் பயந்து வாங்கிக் குவித்த வெளிநாட்டுக்காரர்கள் கையை இழுத்துக்கொண்டார்கள். கடலை விலை படுத்துவிட்டது. எங்கள் கிடங்கு நிறைய, ஏறின விலைக்கு வாங்கிய சரக்கு.

கணக்குப்பிள்ளை என் காதைக் கடித்தார்: "கொறைச்சுச் சொல்லுய்யா. துண்டுக்குள்ள நடந்தது யாருக்குத் தெரியும்?"

"என்ன வெலைக்கு முடிச்சே?" என்றார் முதலாளி. பேசிய விலையையே சொன்னேன். அவர் தந்தியை மடித்துப் பையில் போட்டார்.

"கை குடுத்தாச்சு. எடை போடு."

நஷ்டம் தாங்காமல் கோடைக்குள் மண்டியை மூடிவிட்டோம். எங்கும் வேலை இல்லை. கூச்சத்தை விட்டு ஆவூருக்குப் போய், அந்தோணியம்மாள் கிணற்றிலேயே மண் சுமந்தேன்.

முதல் கூலி கொடுக்கும்போது கேட்டார்: "எங் கடலையாலயா பாய் மண்டி போச்சு?"

"இல்லைங்கம்மா. ஒங்க வண்டி வராட்டியும் போயிருக்கும்."

அவர் நம்பவில்லை.

மறு வருடம் அந்தக் கிணற்றுத் தண்ணீரில் விளைந்த கடலையை ஏற்றி, என்னை வண்டி ஓட்டச் சொன்னார். அன்னவாசல் சந்தையில் சாக்கு விரித்துச் சில்லறை வியாபாரம் பார்த்துக்கொண்டிருந்தார் எங்கள் முதலாளி.

"பாய், வித்துட்டுப் பணம் குடுங்க. அவசரமில்ல."

முதலாளி சாக்கை நகர்த்தி மூட்டைகளுக்கு இடம் பண்ணினார். பிறகு என்னைப் பார்த்தார். "என்னடா நிக்கிறே? மூட்டைய எறக்கு."

எனக்கு அழுகையே வந்துவிட்டது. வேலை திரும்பக் கிடைத்துவிட்டதல்லவா!

உலகத்துச் சந்தை விழுவதை நம்மால் தடுக்க முடியாது. விழும்போது நஷ்டத்தை யார், யார் மேல் தள்ளிவிடுகிறார்கள் என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள், தம்பிகளே. தள்ளிவிடாத இரண்டு பேரிடம் நான் வேலை பார்த்தேன். இரண்டு இடத்திலும் சோறு கிடைத்தது.