‘ம்’ கொட்டாமல் எடுத்த படம்

நாளிதழில் இருந்தவரை என் வாய் எனக்குத் தொல்லை கொடுத்ததில்லை. எதிரில் இருப்பவர் பேசப் பேச ‘ம்’, ‘அப்படியா’, ‘அடடா’ என்று கொட்டிக்கொண்டே போனால்தான் செய்தி வரும் என்பது நிருபர்களின் நம்பிக்கை. அச்சில் அதெல்லாம் யாருக்கும் கேட்காது.

அந்த வேலையை விட்டுவிட்டு, அடையாறு முகத்துவாரத்தில் கலக்கும் சாக்கடையைப் பற்றி என் முதல் ஆவணப்படத்தைத் தொடங்கினேன். அங்கே மீன் பிடிக்கும் ஏழுமலையைப் பேட்டி எடுத்துக்கொண்டு கோடம்பாக்கத்து எடிட்டிங் அறைக்குப் போனேன். எடிட்டர் பஷீர் பாய் கேட்டுவிட்டு ஹெட்போனைக் கழற்றினார்.

“மேடம், இது ஆத்தப் பத்தின படமா, உங்க ‘ம்’மப் பத்தின படமா?”

“கட் பண்ணிட முடியாதா பாய்?”

“அவர் பேச்சு மேலயே ஏறி உக்காந்துகினு கீறீங்க. எங்க கட் பண்றது? திரும்ப எடுங்க. அவர் முடிச்சப்புறமும் வாயத் தொறக்காதீங்க. கேமராவயும் ஆஃப் பண்ணாதீங்க.”

மறுமுறை ஏழுமலை, டி.வி.க்காரர்களுக்குச் சொல்லிச் சொல்லித் தேய்ந்துபோன பேச்சையே ஒப்பித்தார். சாக்கடை வருது, மீன் செத்து மெதக்குது, யாரும் கண்டுக்கல. முடித்துவிட்டு என்னைப் பார்த்தார். நான் உதட்டைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்குச் சொல்கிறேன், கேள்வி கேட்பது சுலபம், கேட்டபின் சும்மா இருப்பதுதான் பெரும்பாடு.

“இன்னாக்கா, ஒண்ணும் பேச மாட்டேன்ற? ஒடம்பு கிடம்பு சரியில்லையா?”

இல்லை என்று தலையை மட்டும் ஆட்டினேன். அவர் ஆற்றின் பக்கம் திரும்பிக்கொண்டார்.

“எங்கப்பா இந்த ஆத்துலதான் எனக்கு நீச்ச கத்துக்குடுத்தாரு. சின்னப் புள்ளைங்கள கடல்ல எறக்க மாட்டோம். என் பொண்ணுக்கு நீச்ச தெரியாதுக்கா. இந்தத் தண்ணில எப்டி எறக்குவேன்? மீன்காரன் வூட்டுப் பொண்ணு... வெளிய சொன்னா மானம் போவும்.”

படத்துக்கு உயிரே அந்தப் பேச்சுதான். ஆனால் வெளியே சொன்னால் மானம் போகும் என்றும் அவரே சொல்லியிருக்கிறாரே! அவரை எடிட்டிங் அறைக்கு வரவழைத்துப் போட்டுக் காட்டினேன். அவர் வேண்டாம் என்றால் அந்தப் பேச்சை நீக்கிவிடுவதென்று பாயிடம் முன்பே சொல்லியிருந்தேன்.

காட்சி முடிந்தது. ஏழுமலை திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். ‘அண்ணே, இது ரொம்ப முக்கியம்’ என்று ஆரம்பிக்க என் நாக்கு துறுதுறுத்தது. பாய் என் நாற்காலியை ஓர் உதை விட்டார்.

கடைசியில் ஏழுமலையே வாயைத் திறந்தார்.

“இருக்கட்டும்க்கா. மானம் போவணும்னா, சாக்கடைய வுட்டவங்களுக்குப் போவட்டும்.”

பாய் என் பக்கம் திரும்பினார். “இப்ப வேணா ஒரு ‘ம்’ கொட்டிக்கோங்க மேடம்.”

வாயைத் திறந்தேன். ‘ம்’ வரவில்லை.