அம்புரோஸ் கழுவிய வேர்

என் வீட்டுக்காரர் அம்புரோஸ் பூச்சோங்கில் முப்பது வருடமாக நர்சரி வைத்திருக்கிறார். ரோஜா, காகிதப்பூ, மல்லிகை. விற்கிற செடியைவிடப் பேசுகிற பேச்சு அதிகம். உங்களிடம் வாங்கிய செடி வாடுகிறது என்று யாராவது வந்தால் போச்சு. தண்ணீர் ஊற்றியது தப்பு, தொட்டி தப்பு, வெயில் தப்பு. அவர் தப்பு மட்டும் இருக்காது. கல்யாணமான நாளிலிருந்து எனக்கும் இதே கதைதான்.

போன பிப்ரவரியில் மிஷெல் வந்தாள். பிரிக்பீல்ட்ஸ் மாதா கோயிலில் எங்களோடு பூசை காண்கிற பெண். பல்கலைக்கழகத்தில் காட்டுச் செடிகளைப் பற்றிப் படிக்கிறாள். சாலாக் செலாத்தானில் ரயில் பாதை ஓரம் ஒரு காலி நிலம், அங்கே கட்டடம் வரப்போகிறது. அதில் நான்கே நான்கு செடி இருந்ததாம். அவரை இனம், விரல் நகம் அளவு மஞ்சள் பூ. இந்த மண்ணுக்கே உரிய செடி, தனக்குத் தெரிந்து வேறெங்கும் இல்லை என்றாள். புல்டோசர் வருவதற்கு முதல் நாள் அனுமதி வாங்கித் தோண்டி எடுத்திருக்கிறாள். மூன்றை இவரிடம் கொடுத்தாள், ஒன்றைத் தன் வீட்டுப் பால்கனியில் வைத்துக்கொண்டாள். எனக்கு அது ரோட்டோரப் புல்லாகத்தான் தெரிந்தது. அவள் போனதும் சொல்லவும் செய்தேன்.

இவர் எந்தச் செடியையும் வந்த மண்ணோடு நடமாட்டார். வெளிச்சீக்கு கடைக்குள் நுழையக் கூடாதென்று வேரைக் கழுவிப் பார்த்துத்தான் நடுவார். கழுவினால், வேர் முழுக்கக் கடுகு கடுகாக முடிச்சு. ரோஜாவிலும் தக்காளியிலும் புழு விழுந்தால் வேர் இப்படித்தான் முண்டும் முடிச்சுமாகும். மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு, சின்னக் கத்தரிக்கோலால் ஒவ்வொரு முடிச்சாக வெட்டி எறிந்தார். மூன்று செடிக்கும் ஒரு பகல் முழுக்கப் போனது. பிறகு மருந்துத் தண்ணீரில் முக்கிப் புது மண்ணில் நட்டார். நல்லவேளை தன் கைக்கு வந்தது என்று சோற்றைப் பிசைந்தபடி சொல்லிக்கொண்டார்.

மூன்று வாரத்தில் மூன்றும் மஞ்சளாகிக் கருகின. மண்ணில் கோளாறு, பிடுங்கிய விதத்தில் கோளாறு என்று என்னிடம் மிஷெல் மேலேயே பழியைப் போட்டார். நானும் ஆமாம் போட்டேன்.

அந்தச் சனிக்கிழமை, பின்பக்கம் நான் போட்டிருந்த பயத்தங்கொடியைப் பிடுங்கினேன். வேரெல்லாம் அதே கடுகு முடிச்சு! என் கொடிக்கும் உங்கள் சீக்குதான் வந்திருக்கிறது என்று கேலியாக நீட்டினேன். இரண்டு மாதம் கூடை கூடையாகக் காய்த்த கொடி அது. அவர் வாங்கிப் பார்த்தார். ஒரு முடிச்சை நகத்தால் கிள்ளினார். உள்ளே இளஞ்சிவப்பு. போய்க் கைப்பேசியில் எதையோ தேடிப் படித்துவிட்டு, வெகுநேரம் கழித்து வந்தார். அது சீக்கே இல்லையாம். அவரை இனத்துக்கு அந்த முடிச்சுதான் சோறு போடுமாம்.

மறுநாள் பூசை முடிந்து மிஷெல் வருவதாக இருந்தது. பால்கனியில் வெயில் போதவில்லை, மிச்சமிருக்கும் ஒன்றையும் அங்கிளிடமே விடுகிறேன் என்று சொல்லியிருந்தாள். மூன்றும் பட்டுப்போனதை நாங்கள் அவளிடம் இன்னும் சொல்லவில்லை. கடைக்கு வருகிறவர்களில் பாதிப்பேர் கோயில் ஆட்கள். செடி என்றால் பட்டுப்போகும், அதோடு விடுங்கள், கத்தரிக்கோல் கதையெல்லாம் எதற்கு என்று படித்துப் படித்துச் சொன்னேன். ஆனைக்கும் அடி சறுக்கும். அதை ஆனை ஊரெல்லாம் சொல்லிக்கொண்டா திரியும்?

மிஷெல் ஐஸ்கிரீம் டின்னில் செடியைத் தூக்கிக்கொண்டு வந்தாள். ஒரு பூ விட்டிருந்தது. அவள் உட்காரக்கூட இல்லை, இவர் ஆரம்பித்துவிட்டார்.

"செடி நல்லாதாம்மா இருந்துச்சு. நான்தான் வேர கழுவி, முடிச்ச எல்லாம் வெட்டிட்டேன். சீக்குன்னு நெனச்சேன். மூணையும் நான்தான் கொன்னேன்."

அவள் முகம் சுண்டிப்போனது. அந்த நிலத்தில் சிமெண்டு போட்டாகிவிட்டது என்று மட்டும் சொன்னாள், கண்ணில் தண்ணீர் நின்றது. எனக்கு இவரைப் பார்க்கச் சகிக்கவில்லை. அறுபத்திரண்டு வயதில், ஒரு சின்னப் பெண் முன்னால் கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறார். பொய் சொல்லச் சொன்ன என் வாயை நினைத்து வெட்கமாக இருந்தது.

அதையாவது நீயே வைத்துக்கொள் அம்மா, என்னிடம் வேண்டாம் என்றார்.

மிஷெல் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். டின்னை நீட்டினாள்.

"இத கழுவாதீங்க அங்கிள்."

அவருக்குக் கை எழவில்லை. என்னைப் பார்த்தார். நான் போய் இரண்டு கையாலும் வாங்கினேன்.